சேர்விடாப்பில் ஒரு வரி

நான் சட்டம் படித்தவனல்லன். ஆசிரியர் கலாசாலையில் பெற்ற பயிற்சியும், ஒரே கிராமத்துப் பாடசாலையில் இருபத்தைந்து வருடங்கள் கற்பித்ததுமே என் கல்வி. ஆயினும் கடந்த பத்து வருடங்களாக ஒரு சொல்லைப் பற்றிக் கிடைத்த தீர்ப்புகளையும் பத்திரிகை நறுக்குகளையும் தேடித் தேடி வாசித்து வருகிறேன். 'சம்மதம்' என்பது அந்தச் சொல். அதன்மேல் எனக்கு ஏன் இந்த அக்கறை என்று கேட்பவர்களுக்கு இதுவரை ஏதேதோ காரணம் கூறி வந்திருக்கிறேன். உண்மைக் காரணத்தை இப்போது எழுதுகிறேன்.

2000ஆம் ஆண்டு ஜனவரி. அப்போது எனக்கு இருபத்தொரு வயது. நியமனம் கிடைக்காத தொண்டர் ஆசிரியன். கையெழுத்து நன்றாக இருக்கிறதென்று அதிபர் சேர்விடாப்பை என்னிடம் ஒப்படைத்திருந்தார். 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டு வந்து எங்கள் ஊர்த் தென்னந்தோப்புகளில் கொட்டில் போட்டிருந்த குடும்பங்களின் பிள்ளைகள் அவ்வருடமும் பலர் சேர்ந்தார்கள். அநேகருக்குப் பிறப்புச் சான்றிதழ் கிடையாது. பெற்றோர் சொல்லும் திகதியை எழுதுவோம். ஆறு மாதம் கூட்டியும் ஒரு வருடம் குறைத்தும் சொல்வார்கள். நாங்களும் அதைப் பெரிதாக எடுப்பதில்லை.

ஒரு வாப்பா மட்டும் அப்படியல்ல. மகளைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தவர், சட்டைப் பையிலிருந்து மடித்த தாளொன்றை எடுத்து என் முன்னால் விரித்தார். நாட்காட்டியிலிருந்து கிழித்த தாள். 1994 மே மாதத்துத் தாள்.

"ஹஜ்ஜுப் பெருநாளுக்கு அடுத்த நாள் தம்பி. சுபஹுக்குப் பாங்கு சொன்ன நேரம் பிறந்த பிள்ளை. அண்டைக்குக் காத்துக்குக் கொட்டில் ஓலையெல்லாம் பறந்து போச்சுது. ஊரை விட்டு வந்தாப் பிறகு எங்களுக்குக் கிடைச்ச முதல் சந்தோசம். அதுதான் தாளைக் கிழிச்சுக் குர்ஆனுக்குள்ள வச்சிருந்தன்."

நான் அந்தத் திகதியைப் பார்த்து எழுதினேன். அவர் தாளைத் திரும்ப மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். அந்த இடாப்பில் நான் எழுதிய நூற்றுக்கணக்கான வரிகளில் சந்தேகமின்றி எழுதிய வரிகள் சில. அவற்றுள் இது ஒன்று.

வாப்பா 2006 இல் மௌத்தானார். உம்மா கருவாட்டு வாடியொன்றில் கூலிக்குச் சேர்ந்தார். வாடிக்குச் சொந்தக்காரர் ஊரில் மதிப்புள்ள குடும்பத்தவர், முப்பதைத் தாண்டியவர், மணமானவர், பள்ளிவாசல் நம்பிக்கையாளர் ஒருவரின் மருமகன். பாடசாலை விட்டதும் பிள்ளை உம்மாவுக்குச் சோறு கொண்டு போவாள். 2009ஆம் ஆண்டின் பிற்பகுதியில் அவள் பாடசாலைக்கு வருவது நின்றது. இரண்டு மாதம் கழித்து உம்மா பொலிஸில் முறைப்பாடு செய்தார். அதற்குமேல் விபரம் இங்கே தேவையில்லை. அப்போது அவளுக்குப் பதினைந்து வயதும் சில மாதங்களும்.

ஊர் இரண்டுபட்டது என்று எழுத ஆசைதான். உண்மையில் ஊர் ஒரு பக்கமாகவே நின்றது. நிகாஹ் வைத்துவிடலாம், வழக்கு அடங்கிவிடும் என்ற பேச்சு எழுந்தது. அது அப்படி அடங்காது என்று சட்டத்தரணி ஒருவர் கூறவே அந்தப் பேச்சும் ஓய்ந்தது. சட்டமா அதிபரின் குற்றப்பகிர்வுப் பத்திரம் வந்து, மேல் நீதிமன்றத்தில் விளக்கம் தொடங்க 2014 ஆகிவிட்டது. சேர்விடாப்புடன் சமுகமளிக்கும்படி எனக்கு அழைப்பாணை வந்தது. அப்போது நான் பயிற்றப்பட்ட ஆசிரியன். அந்த எழுத்து என் எழுத்து.

வழக்குக்கு முதல் நாள் இஷாவுக்குப் பின் நம்பிக்கையாளர் என் வீட்டுக்கு வந்தார். அவரைக் கெட்டவர் என்று சொல்ல என்னால் முடியாது. எங்கள் பாடசாலையின் கூரை ஒழுகியபோது சொந்தப் பணத்தில் தகடு வாங்கித் தந்தவர். எனக்கு நியமனம் கிடைப்பதற்காகவும் நடந்தவர். தேநீரைக் குடித்து முடித்தபின் பேசினார்.

"ஸேர், பொய் சொல்லுங்க எண்டு நான் சொல்லல்ல. அல்லாஹ்வுக்குப் பயந்த மனிசன் நான். உள்ளதச் சொல்லுங்க. நம்மட ஊருல புள்ளைகள்ட வயசக் கூட்டிக் கொறச்சுப் போடுற பழக்கம் இரிக்கா, இல்லியா?"

"இரிக்கு ஹாஜியார்."

"அதச் சொன்னாப் போதும். அந்தப் புள்ள சத்தம் போடல்ல. ரெண்டு மாசம் ஆருக்கும் சொல்லவுமில்ல. விருப்பமில்லாட்டி வாய் தெறந்திருக்காதா? ஒரு குடும்பம் அழிஞ்சு போயிடும் ஸேர்."

அன்றிரவு நான் உறங்கவில்லை என்று எழுதினால் அதுவும் பொய். உறங்கினேன். உண்மையைத்தானே சொல்லப் போகிறேன் என்ற ஆறுதல் இருந்தது.

இவ்விடத்தில், அக்காலத்தில் நான் அறியாதிருந்த சட்டத்தைச் சிறிது கூற வேண்டும். எங்கள் தண்டனைச் சட்டக்கோவையின் 363ஆம் பிரிவு, 1995ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டத்தால் மாற்றி எழுதப்பட்டது. பதினாறு வயதுக்குட்பட்ட பெண் என்றால் அவள் சம்மதித்தாளா இல்லையா என்ற கேள்விக்கே இடமில்லை. சம்மதித்தாலும் குற்றம் குற்றமே. பதினாறைத் தாண்டியவள் என்றால் சம்மதம் இருக்கவில்லை என்பதை வழக்குத் தொடுநர் நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் நிரூபிக்க வேண்டும். ஆகவே அந்த வழக்கில் சேர்விடாப்பின் ஒரு வரியே வாசற்படி. அது நின்றால் சம்மதம் என்ற சொல் உள்ளே வரமுடியாது. அது ஆடினால் முழு வழக்கும் அந்தப் பிள்ளையின் மனத்துக்குள் போய் நின்றுவிடும்.

அதே சட்டம் இன்னொன்றையும் எழுதி வைத்திருக்கிறது. சம்மதமின்றி நடந்தது என்பதை நிரூபிக்க, உடலில் காயம் முதலிய எதிர்ப்பின் அடையாளங்கள் இருந்தே ஆகவேண்டும் என்பதில்லை. இந்த ஒரு வாக்கியத்துக்குப் பின்னால் பெரிய கதை இருக்கிறது. அது இந்தியக் கதை.

1972 மார்ச்சில் மகாராட்டிர மாநிலத்தின் தேசாய்கஞ்ச் பொலிஸ் நிலையத்துக்குள், முறைப்பாடொன்றின் பேரில் அழைத்துவரப்பட்ட ஒரு பழங்குடிச் சிறுமி, பொலிஸ்காரர் இருவர்மீது குற்றம் சாட்டினாள். விசாரணை நீதிமன்றம் அவள் முன்பே ஆண் உறவு பழகியவள் என்று கூறி எதிரிகளை விடுவித்தது. மேன்முறையீட்டில் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாகபுரிக் கிளை, பயத்தில் அடங்கிக் கிடப்பது வேறு, சம்மதிப்பது வேறு என்று சொல்லித் தண்டித்தது. துக்காராம் எதிர் மகாராட்டிர அரசு என்ற அந்த வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனபோது, 1978 செப்டெம்பரில் தீர்ப்பு மறுபடி தலைகீழானது. உடலில் காயமில்லை, ஆகவே எதிர்ப்பு இருந்திருக்காது, ஆகவே சம்மதம் இருந்திருக்க வேண்டும் என்ற வழியில் அந்தத் தீர்ப்பு நடந்தது. மறுவருடம் உபேந்திர பக்சி, லோதிகா சர்க்கார், ரகுநாத் கேல்கர், வசுதா தகம்வார் என்னும் நான்கு சட்ட ஆசிரியர்கள் பிரதம நீதியரசருக்குப் பகிரங்கக் கடிதமொன்றை எழுதினார்கள். அடங்கிப்போவதையும் சம்மதிப்பதையும் ஒன்றாகப் பார்த்ததே அத்தீர்ப்பின் பிழை என்பது அவர்களது வாதம். அக்கடிதம் மூட்டிய கிளர்ச்சியால் 1983 இல் இந்தியச் சட்டம் திருத்தப்பட்டது. காவலில் நடந்த குற்றமானால், நான் சம்மதிக்கவில்லை என்று அவள் சாட்சி சொன்னாலே நீதிமன்றம் அதை ஏற்றுத் தொடங்க வேண்டும் என்றாயிற்று. எதிர்க்காதது மட்டுமே சம்மதமாகாது என்ற விளக்கம் அங்கே பொதுவான சட்டமாக எழுதப்பட்டது 2013 இல். எங்கள் நாடு அதனை 1995 இலேயே எழுதிவிட்டது. பெருமைப்படலாம். ஆனால் எங்கள் ஊர்த் திண்ணைகளுக்கு அந்த வாக்கியம் 2014 இலும் வந்து சேர்ந்திருக்கவில்லை. நான் உட்பட.

நீதிமன்றத்துக்கு முதல் பஸ்ஸில் போனேன். இடாப்பை உம்மாவின் பழைய தொழுகைச் சால்வையால் சுற்றி மடியில் வைத்திருந்தேன். பிள்ளையும் உம்மாவும் அதே பஸ்ஸில் முன் ஆசனத்தில் இருந்தார்கள். அவள் இருபது வயதை எட்டியிருந்தாள். திரும்பிப் பார்த்து ஸலாம் சொன்னாள். பதில் சொன்னேன்.

அவள் சாட்சியம் கதவு மூடி நடந்தது. நான் வெளியே வாங்கில் இருந்தேன். பிறகு என்னை அழைத்தார்கள். வழக்கு சிங்களத்தில் நடந்தது. முதலியார் தமிழில் எனக்குச் சொன்னார். எதிரியின் சட்டத்தரணி மரியாதையாகவே கேட்டார்.

"பெற்றோர் சொல்லும் திகதியை நீங்கள் சரிபார்ப்பதுண்டா?"

"இல்லை."

"வயதைக் கூட்டியோ குறைத்தோ சொல்லும் பெற்றோர் உண்டா?"

"உண்டு."

"பிறப்புச் சான்றிதழ் இல்லாத பிள்ளைகளின் விடயத்தில் இது அதிகம் அல்லவா?"

"ஆம்."

மூன்றும் உண்மை. பின்னர் அரச சட்டத்தரணி எழுந்தார். இளம் பெண். களைத்துப் போயிருந்தார். ஒரேயொரு கேள்வி கேட்டார். "குறிப்பாக இந்தப் பதிவைப் பற்றி, இது எவ்வாறு எழுதப்பட்டது என்பது பற்றி, உங்களுக்கு ஏதும் ஞாபகம் உண்டா?"

நாட்காட்டித் தாள் கண்முன் வந்தது. அதன் மடிப்பும், கொட்டிலின் ஓலை பறந்த கதையும், தம்பி என்று அவர் என்னைக் கூப்பிட்ட குரலும் ஞாபகம் வந்தன. நம்பிக்கையாளர் பின்வரிசையில் இருந்தார். அவர் என்னைப் பார்க்கவுமில்லை.

"ஞாபகமில்லை" என்றேன்.

முதலியார் அதைச் சிங்களத்தில் சொன்னார். தட்டெழுத்தாளர் பதிந்தார். இறங்கி வந்தேன்.

அவளது உத்தேச வயதுச் சான்றிதழும் அந்த இடாப்பை வைத்தே எடுக்கப்பட்டிருந்தது. வைத்திய அறிக்கை வயதைப் பதினைந்துக்கும் பதினேழுக்கும் இடையே என்றது. பெருநாள் கணக்கை உம்மா சொன்னார்தான். ஆனால் வழக்கில் அக்கறையுள்ள சாட்சி என்று அதைத் தள்ளிவிட்டார்கள். அந்தத் தாள் வாப்பா மௌத்தான பின் தேடியும் கிடைக்கவில்லையாம். பெருநாள் கணக்குக்குச் சுயாதீன சாட்சி உலகில் ஒருவன்தான் இருந்தான். அவனுக்கு ஞாபகமில்லை.

வழக்குத் தொடுநர் தரப்பு முடிந்ததும், எதிர்வாதத்தை அழைக்காமலே தம் கட்சிக்காரரை விடுவிக்கும்படி சட்டத்தரணி கேட்டார். குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 200ஆம் பிரிவு அதற்கு இடந்தருகிறது. சாட்சியம் குற்றத்தை நிலைநாட்டத் தவறிவிட்டது என்று நீதிபதி கருதினால் அத்துடன் விடுதலை எழுதிவிடலாம். வயது சந்தேகத்துக்கு அப்பால் நிரூபிக்கப்படவில்லை. அப்படியானால் சம்மதம் பார்க்கப்பட வேண்டும். இரண்டு மாத மௌனமும், மறுபடி மறுபடி அந்த வாடிக்குப் போனதும் சம்மதமின்மை பற்றிச் சந்தேகத்தை எழுப்புகின்றன. இதுதான் வாதம். அது ஏற்கப்பட்டது. வாடிக்காரர் வாய் திறக்காமலே வீடு வந்தார். அவருடைய மௌனத்திலிருந்து எவரும் எதையும் ஊகிக்கவில்லை. பிள்ளையின் மௌனத்திலிருந்துதான் எல்லாம் ஊகிக்கப்பட்டது.

அன்று மாலை ஊரில் வட்டிலப்பம் பகிர்ந்தார்கள். என் வீட்டுக்கும் வந்தது.

நீதிபதியைக் குறை சொல்ல நான் இதனை எழுதவில்லை. அவர் முன் வைக்கப்பட்டதை வைத்து அவர் தீர்ப்பெழுதினார். வைக்கப்படாமல் போனதற்கு நான் பொறுப்பு.

அதற்குப் பிறகுதான் வாசிக்கத் தொடங்கினேன். வழக்கைத் தள்ளிவிடுங்கள் என்று கேட்கப்படும்போது நீதிமன்றங்கள் இந்தச் சொல்லை எப்படி நிறுக்கின்றன என்று பார்த்தேன். ஒரே தராசு இல்லை என்பது முதலில் விளங்கிற்று.

எங்கள் உயர் நீதிமன்றமே 2008 இல், அநுராதபுர மேல் நீதிமன்றம் அனுப்பிய வினாவொன்றுக்குப் பதிலளிக்க வேண்டி வந்தது. பதினாறுக்குட்பட்ட பெண் சம்மதித்திருந்தாள். எதிரி குற்றத்தை ஒப்புக்கொண்டான். ஆயினும் சட்டம் விதித்த குறைந்தபட்சம் பத்து வருடச் சிறையைக் கொடுத்தே ஆகவேண்டுமா? அரசியலமைப்பின் 4, 11, 12ஆம் உறுப்புரைகளுக்கு அக்கட்டாயம் முரண் என்றும், பொருத்தமான தண்டனையை நீதிபதி தீர்மானிக்கலாம் என்றும் உயர் நீதிமன்றம் கூறியது. பதினெட்டும் பதினைந்துமாகக் காதலித்து ஓடிய பிள்ளைகளுக்கு இது நியாயம். அதே கதவு வாடிக்காரர்களுக்கும் திறக்கும் என்பதுதான் கவலை. 2024 இல் தண்டனைச் சட்டக்கோவைக்குக் கொண்டுவரப்பட்ட திருத்தச் சட்டமூலம் சம்மத வயதைப் பதினான்காகக் குறைக்கிறது என்று பெரும் எதிர்ப்புக் கிளம்பி, நீதி அமைச்சர் அதை மீளப்பெற நேர்ந்ததும் இந்தக் கவலையினாலேயே.

சென்னையிலும் இதே சிக்கல். அங்கே வயது பதினெட்டு. 2021 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதியரசர் ஆனந்த் வெங்கடேஷ், சிறுமியொருத்தியுடன் ஊரைவிட்டுச் சென்ற ஓட்டோச் சாரதிமீதான வழக்கை விசாரணைக்கு முன்பே ரத்துச் செய்தார். ரத்துச் செய்யும்படி கேட்டவர்கள் அந்தப் பிள்ளையும் அவள் தாயுமே. வளரிளம் பருவத்துக் காதலைத் தண்டிப்பதற்காக அச்சட்டம் ஆக்கப்படவில்லை என்றார் அவர். திருமணம் செய்வதாகக் கூறிப் பழகியவர்மீதான வழக்குகளுக்கு 2019 இல் உச்ச நீதிமன்றம் ஓர் அளவுகோலைத் தந்தது. வாக்குத் தந்த வேளையிலேயே அது பொய்யாக இருந்திருக்க வேண்டும். அவள் இணங்கியதற்கும் அந்தப் பொய்க்கும் நேரடித் தொடர்பு இருக்க வேண்டும். பின்னாளில் வாக்குத் தவறியது மட்டும் போதாது. அந்த அளவுகோலின்படி அவ்வழக்கு ரத்தானது.

எல்லாவற்றிலும் என்னை அதிகம் யோசிக்க வைத்தது கல்கத்தாவிலிருந்து வந்த வழக்கு. பதினான்கு வயதுப் பிள்ளை, அவளைவிட மிக மூத்தவனுடன் வீட்டைவிட்டுப் போய், பின்னர் அவனுக்குப் பிள்ளையும் பெற்றாள். 2023 இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் அவனை விடுவித்து, பிள்ளைகளுக்குப் புத்திமதியும் எழுதியது. 2024 ஓகஸ்டில் இந்திய உச்ச நீதிமன்றம் அந்த விடுதலையை நீக்கிக் குற்றத்தீர்ப்பை மீண்டும் நிலைநாட்டியது. அத்துடன் நிற்காமல் நிபுணர் குழுவொன்றை அவளிடம் அனுப்பியது. அவள் வளர்ந்து தாயாகியிருந்தாள். அவளுடன் பேசி வந்தவர்கள் அறிவித்தது இதுதான்: சட்டம் இதைக் குற்றமாகப் பார்க்கிறது, அவள் பார்க்கவில்லை, அவளை வதைத்தது பொலிஸும் வழக்கும் கணவனை மீட்க அலைந்த அலைச்சலும்தான். ஆனால் தெரிந்து தேர்வதற்கு வேண்டிய ஒன்றையும், வீடோ சமூகமோ சட்டமோ அந்த வயதில் அவளுக்குக் கொடுத்திருக்கவில்லை. 2025 மே மாதம் நீதிமன்றம் குற்றத்தை வைத்துக்கொண்டு தண்டனையை விட்டுவிட்டது.

அத்தீர்ப்பு சரியா பிழையா என்று தீர்மானிக்கும் அறிவு எனக்கில்லை. நான் கவனித்தது ஒன்று. அவளிடம் கேட்டார்கள். அவள் சொன்ன பதிலை வைத்து மட்டும் முடிவெடுக்கவில்லை. அந்தப் பதிலைச் சொல்லும் நிலைக்கு அவள் எப்படி வந்தாள் என்றும் பார்த்தார்கள்.

எங்களிடம் இதற்கு ஒரு பழைய பாடம் உண்டு. அதைத் தவறாகவே மனனம் செய்து வைத்திருக்கிறோம். நிகாஹுக்கு முன் வலி வந்து மகளிடம் கேட்பார். கன்னிப் பெண்ணின் மௌனமே சம்மதம் என்பது ஊரில் சிறு பிள்ளைக்கும் தெரியும். மௌனம் என்ற சொல்லை இறுகப் பிடித்துக்கொண்டோம். அதற்கு முன்னால் 'கேட்க வேண்டும்' என்று இருப்பதை விட்டுவிட்டோம். கேள்வி கேட்கப்பட்ட பின், மறுக்க வழியிருந்தும் மறுக்காமல் இருப்பது ஒரு மௌனம். கேள்வியே இல்லாத இடத்தில் இருப்பது இன்னொரு மௌனம். தன் விருப்பத்துக்கு மாறாக வாப்பா முடித்துக் கொடுத்தார் என்று கன்ஸா பின்த் கிதாம் ரலியல்லாஹு அன்ஹா முறையிட்டபோது, நபியவர்கள் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அந்த நிகாஹையே நீக்கினார்கள். மத்ரஸாவில் இதைப் படித்தவர்கள் எங்கள் ஊரில் எத்தனையோ பேர். 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டமோ மணமகனிடமும் வலியிடமும் கையொப்பம் கேட்டது, மணமகளிடம் கேட்கவில்லை. பதினாறு வயது விதிக்குத் தண்டனைச் சட்டக்கோவை வைத்த விலக்கும் எங்களையே தொடுகிறது: பன்னிரண்டைத் தாண்டிய மனைவியானால் கணவன்மீது அவ்விதி பாயாது. இச்சட்டத்தைச் சீர்திருத்த 2009 இல் நியமிக்கப்பட்ட நீதியரசர் சலீம் மர்சூப் குழு அறிக்கை கொடுக்க 2018 ஆயிற்று. கொடுத்தபோதும் உறுப்பினர்கள் இரண்டாகப் பிரிந்தே நின்றார்கள். அந்த வாதத்தில் பேசிய எல்லாப் பக்கத்தினரும் என்னைப்போன்ற ஆண்கள் எத்தனை தடவை கேட்காமல் இருந்திருக்கிறோம் என்பதையும் ஒருமுறை எண்ணிப் பார்த்திருக்கலாம்.

முதலியாரின் சொல்லைப் பற்றியும் யோசித்திருக்கிறேன். சிங்களத்தில் 'கெமெத்த' என்பார்கள். அது விருப்பத்துக்கும் சொல், இணக்கத்துக்கும் சொல். தமிழில் முதலியார் 'விருப்பமா' என்று கேட்பார். விருப்பம் வேறு, சம்மதம் வேறு, வேறு வழியில்லாமல் இருப்பது வேறு. உம்மாவின் நாட்கூலி யார் கையிலிருந்து வருகிறதோ அவருக்கு முன்னால் நிற்கும் பதினைந்து வயதுப் பிள்ளையின் நிலைக்கு எந்தச் சொல்லைப் போடுவது? இரண்டு மொழியிலும் எனக்குத் தெரியவில்லை.

அந்தக் குடும்பம் விடுதலைத் தீர்ப்பு வந்த மாதமே ஊரைவிட்டுப் போனது. இரண்டாவது இடப்பெயர்வு. இந்த முறை நாங்கள் அனுப்பினோம்.

கடைசியாகத் தரம் ஒன்று அனுமதிக்காக விண்ணப்பங்கள் பார்த்த நாளன்று, அபாயா அணிந்த பெண்ணொருத்தி சிறுமியுடன் என் மேசைக்கு முன் வந்து நின்றாள். கணவர் எங்கள் ஊர்ப் பக்கம் தொழிலுக்கு வந்திருக்கிறாராம். பேரைக் கேட்குமுன்பே ஆளை விளங்கிவிட்டது. அவள் பிறப்புச் சான்றிதழை எடுத்து நீட்டினாள். வைத்தியசாலையில் பிறந்து, உரிய காலத்தில் பதியப்பட்டது.

"இதுல சந்தேகம் வராது ஸேர்" என்றாள்.

நான் தலையைக் குனிந்து எழுதினேன். பேனை நகரவில்லை. அறையில் வேறு எவரும் இல்லாதபோது கேட்டேன், வாப்பாவின் தாளைப் பற்றி உனக்குத் தெரியுமா மகள் என்று.

"தெரியும். நீங்க அதப் பாத்து எழுதினத உம்மா எனக்குச் சொல்லியிரிக்கா. கோட்டுக்குப் போற பஸ்ஸுல நீங்க இரிக்கிறதக் கண்டுதான் எங்களுக்குத் தைரியம் வந்த."

சிறிது நேரம் சும்மா இருந்தாள். பிறகு தானாகவே சொன்னாள்.

"ஒண்டு சொல்லட்டா ஸேர்? ஒனக்கு விருப்பமா எண்டு அந்த ஆள் என்ட்டக் கேக்கல்ல. பொலிசுல கேக்கல்ல, வயசத்தான் கேட்டாங்க. நிகாஹ் பேசக்குள்ள பள்ளிக்காரங்களும் கேக்கல்ல. மொதல் மொதல் என்ட்ட அதக் கேட்டது, அஞ்சு வருசத்துக்குப் பொறகு, அந்த ஆள்ட லோயர்தான். அவர் கேட்டதும் எனக்கு வாய் வரல்ல. அதையும் எழுதிக்கிட்டாங்க."

நான் எழுந்து நின்று மன்னிப்புக் கேட்டேன். இவ்வளவு வருடத்தில் ஒத்திகை பார்த்து வைத்திருந்த சொற்கள் ஒன்றும் வரவில்லை. நான் பிழை செய்துவிட்டேன் மகள், எனக்கு ஞாபகம் இருந்தது என்று மட்டும் சொன்னேன்.

அவள் பதில் சொல்லவில்லை. பிள்ளையின் கழுத்துப் பட்டியைச் சரி செய்தாள்.

அனுமதி முடிந்து இரண்டு மாதங்களின் பின், இதை எழுதலாமா என்று அவளிடம் கேட்டேன். கணவரிடமும் பேசிவிட்டுச் சொல்வதாகக் கூறி, மறு வாரம் பதில் தந்தாள். "எழுதுங்க ஸேர். பேரும் ஊரும் வேணாம்." அவள் சொன்னபடியே பேரையும் ஊரையும் விட்டிருக்கிறேன். அடையாளம் தரக்கூடிய வேறு சிலவற்றையும் மாற்றியிருக்கிறேன்.

எழுதுவதற்கு அவள் வாய் திறந்து சம்மதம் தந்தாள். மன்னிப்புக் கேட்டதற்கு மௌனமாக இருந்தாள். இந்த இரண்டையும் ஒன்றாக எண்ணிக்கொள்ள எனக்கு உரிமையில்லை. இவ்வளவு வாசித்தும் உறுதியாகக் கற்றுக்கொண்டது அது ஒன்றைத்தான்.